கொழும்பு வீட்டை விற்கிறீர்களா, பூட்டுகிறீர்களா? கரண்ட், தண்ணீர், தொலைபேசிக் கணக்குகளுக்கு என்ன செய்வது

வெள்ளவத்தையிலோ கொட்டாஞ்சேனையிலோ இருக்கும் வீட்டை விற்பதற்கும் வாடகைக்கு விடுவதற்கும் வெளிநாட்டிலிருந்து வருகிறவர்கள் உறுதி (வீட்டுப் பத்திரம்), நொத்தாரிசு, வங்கி என்று அலைந்துவிட்டு, லைட் பில்லையும் தண்ணி பில்லையும் பயணத்தின் கடைசி நாட்களுக்குத் தள்ளிவிடுவது வழக்கம். வந்திறங்கிய வாரத்திலேயே தொடங்க வேண்டியவை இவைதான். பெயர் மாற்றத்துக்குக் கடிதம் வேண்டும், கடிதத்துக்குக் கையொப்பம் வேண்டும், கையொப்பமிட வேண்டியவர் ஊரில் இருக்க வேண்டும். இடையில் ஒரு போயா தினம் (பௌர்ணமி விடுமுறை) வந்தால் அலுவலகம் பூட்டு. ஏப்ரல் புத்தாண்டை ஒட்டி வருகிறவர்களுக்கு ஒரு வாரம் கையை விட்டுப் போகும்.

முதலில் பழைய பில் ஒன்றைத் தேடி எடுங்கள். யார் கரண்ட் தருகிறார்கள் என்பது அதன் தலைப்பிலேயே இருக்கும். கொழும்பு மாநகரத்துக்குள் மின்சார சபை. நுகேகொடை, கோட்டே, மொரட்டுவைப் பக்கம் லெகோ (LECO) என்ற மின்சாரக் கம்பனி. எல்லையோரத்து ஒழுங்கைகளில் ஊகித்துக்கொண்டு போனால் தவறான கந்தோரில் அரை நாள் வீணாகும். 2024ஆம் ஆண்டின் 36ஆம் இலக்க இலங்கை மின்சாரச் சட்டம் மின்சார சபையைத் தனித்தனிக் கம்பனிகளாகப் பிரிக்க வழி செய்திருப்பதால், பில்லில் அச்சிட்டிருக்கும் பெயர் நீங்கள் பழகிய பெயராக இல்லாமலும் இருக்கலாம். எந்தப் படிவத்திலும் அண்மைய பில்லில் உள்ள பெயரையும் கணக்கிலக்கத்தையும் அப்படியே எழுதுங்கள். தண்ணீர் என்றால் தேசிய நீர் வழங்கல் வடிகாலமைப்புச் சபை. விசாரிக்க மின்சார சபைக்கு 1987, லெகோவுக்கு 1910, தண்ணீருக்கு 1939, சிறிலங்கா டெலிகொமுக்கு 1212. இவை உள்நாட்டுக் குறுந்தொலைபேசி எண்கள். வெளிநாட்டிலிருந்து எடுக்க வராது என்பதால், ஊருக்குப் புறப்படும் முன் கேட்க வேண்டியதை இங்குள்ள ஒருவரிடம் சொல்லிக் கேளுங்கள்.

பில் யார் பெயரில் இருக்கிறது?

புலம்பெயர்ந்த குடும்பங்களின் வீடுகளில் சிக்கல் தொடங்கும் இடம் இதுதான். அப்பா காலமாகிப் பல வருடங்கள் ஆகியிருக்கும், பில் இன்னும் அவர் பெயரில் வந்துகொண்டிருக்கும். மாதாமாதம் காசு கட்டும்வரை யாரும் கேட்க மாட்டார்கள். மீற்றரை இடம் மாற்றவோ, ஒருமுனை (single phase) இணைப்பை மும்முனை இணைப்பாக்கவோ, வீட்டை விற்கவோ போகும்போதுதான் 'கணக்குக்காரர் எங்கே?' என்ற கேள்வி வரும்.

பெயர் மாற்றத்துக்குப் பொதுவாகக் கேட்பவை: விண்ணப்பப் படிவம், உறுதியின் பிரதி, அடையாள அட்டை அல்லது கடவுச்சீட்டுப் பிரதி, கடைசிப் பில்லும் நிலுவையில்லாமல் கட்டிய பற்றுச்சீட்டும், பழைய கணக்குக்காரரின் சம்மதக் கடிதம். அவர் காலமாகியிருந்தால் மரணச் சான்றிதழும், நீங்கள் உரித்தாளி என்பதைக் காட்டும் பத்திரமும். எல்லாவற்றிலும் மூலப்பிரதியையும் இரண்டு நகல்களையும் கொண்டுபோங்கள். மூலப்பிரதியைக் காட்டினால் போதும், கொடுத்துவிட்டு வராதீர்கள்.

நம்மவர்களை அதிகம் திருப்பி அனுப்புவது பெயர்ப் பொருத்தமின்மை. உறுதியில் 'க. சிவகுமார்' என்று முதலெழுத்தோடு இருக்கும், கனடாக் கடவுச்சீட்டில் அப்பா பெயர் குடும்பப் பெயராகியிருக்கும், பெண்களுக்குக் கணவர் பெயர் ஏறியிருக்கும். சாளரத்தில் நிற்கும்போது இதை வாயால் விளக்கி வெல்ல முடியாது. இரண்டு பெயரும் ஒரே ஆளைக் குறிக்கும் என்று சமாதான நீதவான் முன்னிலையில் ஒரு சத்தியக்கடதாசி முடித்து, பிறப்புச் சான்றிதழ் அல்லது விவாகச் சான்றிதழ் பிரதியோடு கோப்பில் வையுங்கள். கரண்ட், தண்ணீர், சோலைவரி (மாநகர சபைக்குக் கட்டும் வீட்டு வரி) மூன்றுக்கும் அதே கடதாசி உதவும்.

நீங்கள் வர முடியாதென்றால் அற்றோணித் தத்துவம் (உங்களுக்காகச் செயற்பட இன்னொருவருக்கு அதிகாரம் கொடுக்கும் பத்திரம்) தேவைப்படும். வெளிநாட்டில் எழுதியதென்றால் அந்நாட்டு இலங்கைத் தூதரகத்தின் அத்தாட்சி வேண்டும், பிறகு பத்தரமுல்லையில் வெளிநாட்டு அலுவல்கள் அமைச்சின் கொன்சியூலர் பிரிவு, பிறகு பதிவு. இந்த நடையைத் தவிர்க்க, கொழும்பில் நிற்கும்போதே நொத்தாரிசு முன் கையொப்பமிட்டுப் பதிவுசெய்துவிடுவது மேல். வாசகத்தில் 'வீட்டைப் பராமரிக்க' என்று மட்டும் எழுதினால் போதாது. மின்சார, நீர், தொலைபேசிக் கணக்குகளைத் திறக்கவும், பெயர் மாற்றவும், நிறுத்தவும், கட்டுக்காசை (இணைப்பு எடுத்தபோது கட்டிய வைப்புப் பணத்தை) மீளப் பெறவும் அதிகாரம் என்று தனித்தனியாக எழுதச் சொல்லுங்கள்.

விற்கும்போது

கணக்கை மூடாதீர்கள், வாங்குபவர் பெயருக்கு மாற்றுங்கள். இணைப்பை வெட்டி மீற்றரைக் கழற்றிவிட்டால் வாங்குபவர் புதிய இணைப்புக்கு விண்ணப்பிக்க வேண்டிவரும், அந்தச் செலவையும் தாமதத்தையும் விலையில் கழிப்பார். வீட்டை இடித்துக் கட்டப்போகிறார்கள் என்றால்தான் முழுமையாக நிறுத்துவதில் அர்த்தம் உண்டு.

சாவி கொடுக்கும் நாளில் இரண்டு மீற்றரையும் இரு தரப்பும் சேர்ந்து பாருங்கள். படத்தில் வாசிப்பு எண்ணோடு மீற்றரின் தொடரிலக்கமும் தெரிய வேண்டும். வெறும் வாசிப்பை மட்டும் எடுத்தால் அது எந்த வீட்டு மீற்றர் என்று பிறகு நிறுவ முடியாது. வாசிப்பு, திகதி, நேரம், அன்றுவரை நிலுவை யார் பொறுப்பு என்பதை ஒரு தாளில் எழுதி இருவரும் கையொப்பமிடுங்கள். அடுத்த பில் சில வாரம் கழித்து வரும், அதில் உங்கள் நாட்களும் அவர் நாட்களும் கலந்திருக்கும். அதைப் பிரிக்க இந்தத் தாள்தான் ஆதாரம். அந்தப் பில்லுக்காகச் சிறு தொகையை நொத்தாரிசிடம் விட்டுவருவதும் நல்ல வழக்கம்.

பழைய கட்டுக்காசைப் பற்றி ஒரு வார்த்தை. எழுபதுகளிலும் எண்பதுகளிலும் கட்டியதென்றால் ரூபாயின் இன்றைய மதிப்பில் அது ஓட்டோச் செலவுக்கும் காணாது. பற்றுச்சீட்டு கையில் இருந்தால் கேளுங்கள், இல்லாவிட்டால் அதற்காக அலையாதீர்கள்.

கூரையில் சூரியப் படல் (சோலர் பனல்) இருந்தால் தனிக் கவனம் வேண்டும். மின்சாரத்தைச் சபைக்கு விற்கும் ஒப்பந்தமும் பணம் வந்து சேரும் வங்கிக் கணக்கும் பழைய உரிமையாளர் பெயரிலேயே நிற்கும். லைட் பில்லின் பெயரை மாற்றியதும் அது தானாக மாறிவிட்டதென்று நினைக்க வேண்டாம், அதே நாளில் சேர்த்துக் கேளுங்கள்.

ஃபிளாட் என்றால்

தொடர்மாடிகளில் தண்ணீர் பெரும்பாலும் ஒரே பெரிய மீற்றரில் வந்து, உள்மீற்றர் வைத்து முகாமைத்துவக் கூட்டுத்தாபனம் (கட்டடத்தை நிர்வகிக்கும் வீட்டு உரிமையாளர் அமைப்பு) பிரித்து அறவிடும். அங்கே நீர்ச் சபைக்குப் போய்ப் பயனில்லை. பராமரிப்புக் கட்டணமும் தண்ணீரும் நிலுவையில்லை என்ற கடிதத்தைக் கூட்டுத்தாபனத்திடம் வாங்குங்கள். இணக்கச் சான்றிதழ் (அனுமதித்த திட்டப்படி கட்டியதென்ற சான்று) கிடைக்காத கட்டடங்களில் கரண்ட் கணக்குகூடக் கட்டடத்தைக் கட்டிய கம்பனியின் பெயரிலேயே இருக்கலாம். அப்படியானால் உங்களால் மாற்றுவதற்கு எதுவும் இல்லை, வாங்குபவரிடம் அதை முன்கூட்டியே சொல்லிவிடுங்கள்.

வாடகைக்கு விடும்போது

கணக்கு உங்கள் பெயரில் இருக்கட்டும், பில்லும் உங்கள் கண்ணில் படட்டும். வாடகைக்காரர் கட்டாமல் போனால் சிவப்பு நோட்டீஸ் (இணைப்பை வெட்டும் எச்சரிக்கை) உங்கள் பெயருக்குத்தான் வரும், நிலுவையோடு பெயர் மாற்றவும் முடியாது. மின்சார சபையின் இ-பில்லை உங்கள் நம்பிக்கைக்குரியவரின் இலங்கைக் கைத்தொலைபேசிக்கு வரும்படி பதியுங்கள். வங்கிச் செயலியில் கணக்கிலக்கத்தைச் சேமித்து வைத்தால் இலண்டனிலிருந்தும் நிலுவையைப் பார்த்துக் கட்டலாம். ஒப்பந்தத்தில் வாடகை முற்பணத்தோடு குறைந்தது மூன்று மாத லைட் பில் அளவுக்கு வைப்புப் பிடிப்பது நியாயமானது. ஏசி உள்ள வீடென்றால் இன்னும் கூட.

மேல்வீடும் கீழ்வீடும் ஒரே மீற்றரில் ஓடினால் இருவருமே அதிகம் கட்டுகிறார்கள். வீட்டுப் பாவனைக் கட்டணம் படிகளாக ஏறுவது: 60 அலகைத் தாண்டினால் ஒரு கணக்கு, 180ஐத் தாண்டிய அலகுகளுக்கு மிக உயர்ந்த விலை. தலா 100 அலகு பாவிக்கும் இரண்டு குடும்பங்கள் ஒரு மீற்றரில் 200ஐத் தொட்டுவிடும். தனி வாசலும் தனிச் சோலைவரி இலக்கமும் இருந்தால் இரண்டாவது மீற்றருக்கு விண்ணப்பியுங்கள்.

பூட்டிவிட்டுப் போகும்போது

வருடத்துக்கொரு முறையாவது வருகிறீர்கள் என்றால் கரண்டை வெட்டச் சொல்ல வேண்டாம். பாவிக்காவிட்டாலும் மாத நிலைக்கட்டணம் வரும், ஆனால் மீள் இணைப்புக்கு அலைவதோடு ஒப்பிட்டால் அது சிறிய தொகை. சில மாதக் கட்டணத்தை முற்கூட்டியே கட்டிவிட்டால் பில்லில் மேலதிகமாக நின்று கழிந்துவரும். குளிர்சாதனப் பெட்டியைக் காலி செய்து கதவைத் திறந்து வைத்து, மெயின் சுவிட்சை அணைத்துவிடுங்கள். கமரா ஓட வேண்டுமென்றால் அந்த ஒரு சுற்றை மட்டும் விட்டு மற்றவற்றை அணையுங்கள்.

மீற்றர் பூட்டிய கேற்றுக்கு உள்ளே இருந்தால் வாசிப்பவர் மதிப்பீட்டுப் பில் போட்டுவிட்டுப் போவார். பூட்டிய வீட்டுக்கு எப்படி இத்தனை அலகு என்று பிறகு சண்டை பிடிப்பதைவிட, மீற்றரை வெளிமதிலுக்கு மாற்றிவிடுவதே நிரந்தரத் தீர்வு.

தண்ணீரில்தான் பூட்டிய வீடுகள் பெருந்தொகை இழக்கின்றன. தாங்கியின் மிதவை வால்வு தேய்ந்து, நிரம்பி வழிந்து, மாதக்கணக்கில் கூரையில் ஓடும். புறப்படும் முந்திய நாள் எல்லாப் பைப்புகளையும் மூடிவிட்டு மீற்றரைப் பாருங்கள். சிறு சக்கரம் சுற்றிக்கொண்டிருந்தால் எங்கோ ஒழுகுகிறது. பிறகு மீற்றருக்கு அடுத்துள்ள ஸ்டொப் கொக்கை மூடுங்கள். கடற்கரைப் பக்கம் உப்புக்காற்றில் அது இறுகிப்போயிருக்கும், பலமாகத் திருகி உடைக்காமல் பைப் வேலை செய்பவரை அழையுங்கள்.

மேல்தாங்கி, நிலத்தாங்கி இரண்டையும் வடித்துக் காய விடுங்கள், கொமட்டை மூடி வையுங்கள், கூரைப் பீலியையும் பாருங்கள். 2007ஆம் ஆண்டின் 11ஆம் இலக்க நுளம்புப் பெருக்கத் தடுப்புச் சட்டத்தின்படி குடம்பி கண்டுபிடிக்கப்பட்டால் வழக்கு வீட்டுக்குப் பொறுப்பானவர் மேல். ஆளில்லாத வீட்டைத்தான் பொதுச் சுகாதாரப் பரிசோதகர்கள் முதலில் சந்தேகிப்பார்கள். அதற்கு மேல், டெங்கு பக்கத்து வீட்டுப் பிள்ளைக்கு வரும்.

சோலைவரியை மறக்க வேண்டாம். முழு வருடத்துக்கும் ஜனவரி 31க்கு முன் கட்டினால் 10 சதவீதம் கழிவு உண்டு.

தொலைபேசியையும் இணையத்தையும் தயங்காமல் நிறுத்தலாம். ஒப்பந்த காலம் முடிந்துவிட்டதா என்று மட்டும் முதலில் கேளுங்கள். ரவுட்டரையும் பியோ டிவிப் (டெலிகொமின் தொலைக்காட்சிச் சேவை) பெட்டியையும் திருப்பிக் கொடுத்தால் பற்றுச்சீட்டு வாங்குங்கள். எழுத்தில் நிறுத்தாமல் வயரைக் கழற்றிவிட்டால் மாத வாடகை ஏறிக்கொண்டே இருக்கும். காஸ் சிலிண்டரை ரெகுலேற்றர் கழற்றி, உறவினர் யாருக்காவது கொடுத்துவிடுங்கள். பூட்டிய வீட்டில் அது கிடக்க வேண்டாம்.

இலங்கைச் சிம்மை மட்டும் நிறுத்திவிடாதீர்கள். வங்கியின் ஒருதடவைக் கடவுச்சொல் அந்த எண்ணுக்குத்தான் வரும். நீண்டகாலம் காசு போடாத முற்கொடுப்புச் சிம் செயலிழந்து, எண் வேறொருவருக்குப் போய்விடும். புறப்படுமுன் ரோமிங்கை இயக்கி, விமான நிலையத்துக்குப் போகும் முன் ஒரு பில்லை வங்கிச் செயலியில் கட்டிப் பாருங்கள்.