சிதைந்த சிற்பத்தைப் புகைப்படத்தில் முழுமையாக்குவது எப்படி?

மதுரைக்கு மேற்கே கீழக்குயில்குடி சமணர் மலையில், அய்யனார் கோயிலுக்குப் பின்னால் படியேறிப் போனால் பேச்சிப்பள்ளம். பாறையில் வரிசையாகச் சமணர் வணங்கும் தீர்த்தங்கரர்கள், கொடி சுற்ற நின்று தவம் செய்த பாகுபலி, கீழே வட்டெழுத்து என்ற பழைய தமிழ் எழுத்து. 9, 10ஆம் நூற்றாண்டு வேலை. ஆயிரம் வருட மழையும் வெயிலும் முகங்களைத் தேய்த்துவிட்டன. கல்லைத் தொடாமல், படத்தில் மட்டும் அந்த முகங்களை மீட்டுப் பார்ப்பதற்கு நான் பின்பற்றும் வழி இது.

மலை தொல்லியல் துறையின் பாதுகாப்பில் இருக்கிறது, அதனால் கேமரா முக்காலி வைக்க முன்கூட்டியே அனுமதி வாங்கிக்கொள்ளுங்கள். எழுத்து தெளிவாகத் தெரியட்டும் என்று சுண்ணாம்பு, மாவு, எண்ணெய், தண்ணீர் எதையும் தயவுசெய்து பாறையில் பூசாதீர்கள்.

முதல் வேலை வெளிச்சம். சிதைந்துவிட்டது என்று நாம் நினைப்பதில் பாதி உண்மையில் சிதையவே இல்லை, நேர் வெளிச்சத்தில் தெரியாமல் போயிருக்கிறது, அவ்வளவுதான். முதல் தடவை நான் உச்சி வெயிலில் போய் எடுத்த படங்களில் எல்லா முகமும் தட்டையாக இருந்தன. அப்புறம் ஒரு நாள் காலையில் வெயில் ஏறுமுன் போய், ஒரு எல்.இ.டி. டார்ச்சைப் பாறையை ஒட்டினாற்போல் பக்கவாட்டில் சாய்த்துப் பிடித்தபோது, இல்லை என்று நினைத்திருந்த உதட்டின் விளிம்பும், தலைக்கு மேலே மூன்றடுக்காக இருக்கும் முக்குடையின் அடுக்குகளும் எழுந்து வந்தன. அந்த நிமிடத்துக்காகவே இந்த வேலையைச் செய்யலாம்.

கேமராவைச் சிற்பத்தின் நெஞ்சு உயரத்தில் நேர் எதிரே நிறுத்துங்கள். ஐ.எஸ்.ஓ. (ஒளி உணர்திறன்) 100, லென்ஸ் திறப்பு எஃப் 8, இரண்டு விநாடி டைமர், ஃபோகஸைப் பூட்டிவிடுங்கள். போனில் எடுப்பவர்கள் அகலக்கோண லென்ஸைத் தவிர்த்தால் போதும், அது மூக்கையும் தோளையும் இழுத்துவிடும். இப்போது கேமராவை அசைக்காமல், டார்ச்சை இடப்பக்கம் பிடித்து ஒன்று, அதே கோணத்தில் வலப்பக்கம் பிடித்து ஒன்று, மேலிருந்து ஒன்று. ஒரு படத்தில் அளவுகோலும் இருக்கட்டும்.

எதற்கு இரண்டு பக்கமும்? படத்தில் இடது காது சிதைந்திருக்கிறது, வலது காது நன்றாக இருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். தியானத்தில் நேராக இருக்கும் தீர்த்தங்கரருக்கு இரண்டு பக்கமும் ஏறக்குறைய ஒன்றுதான், ஆகவே வலது காதை வெட்டித் திருப்பி ஒட்டலாம். ஆனால் ஒரே படத்திலிருந்து எடுத்துத் திருப்பினால் நிழலும் சேர்ந்து திரும்பி, ஒரே முகத்தில் இரண்டு சூரியன் அடிப்பது போல் ஆகிவிடும். இடப்பக்க வெளிச்சப் படம் அடியில் இருக்க, வலப்பக்க வெளிச்சப் படத்திலிருந்து வலது காதை எடுத்துத் திருப்பினால் நிழல் சரியாக உட்காரும்.

கணினியில் கிம்ப் (GIMP) என்ற படம் திருத்தும் மென்பொருள் இலவசம், அது போதும். அசல் படத்தை அடி லேயராக (அடுக்காக) பூட்டிவிட்டு, திருப்பிய துண்டைத் தனி லேயரில் வைத்து, மாஸ்க் (வேண்டாத பகுதியை மறைக்கும் திரை) போட்டு விளிம்பை மெதுவான பிரஷ்ஷால் கரையுங்கள். கல்லின் சொரசொரப்பு பொருந்தவில்லை என்றால் பக்கத்துப் பாறையிலிருந்து நகலெடுக்கும் க்ளோன் கருவியால் எடுத்துக்கொள்ளலாம்.

இந்தத் திருப்பும் வித்தை எல்லா இடத்திலும் செல்லாது. மடியில் இருக்கும் கைகளில் வலது உள்ளங்கை மேலே, இடது கீழே, அதைத் திருப்பினால் தப்பு. பாகுபலியின் உடலில் சுற்றிய கொடிக்கும் இது பொருந்தாது. அங்கெல்லாம் உறவுக்காரச் சிற்பத்தைத் தேட வேண்டும்: அதே மலையின் செட்டிப்புடவு குகையில் இருக்கும் பெரிய தீர்த்தங்கரரையோ, மேலூர் பக்கத்துக் கீழவளவுச் சமணச் சிற்பங்களையோ பார்த்து வரையுங்கள். இணையத்தில் கிடைக்கும் வடநாட்டுப் பளிங்குச் சிலையின் மூக்கை இங்கே வைத்தால் முகமே வேறு ஆளாகிவிடும், நான் ஒத்துக்கொள்ள மாட்டேன்.

நீங்கள் சேர்த்த பகுதியை ஒரு சாயல் வெளிறலாக விடுங்கள். பார்ப்பவருக்கு எது கல், எது நம் ஊகம் என்று தெரிய வேண்டும். வெளியிடும்போது அசல் படத்தையும் பக்கத்திலேயே போடுங்கள்.

கீழே இருக்கும் வட்டெழுத்தில் மட்டும் கை வைக்காதீர்கள். சமணத் துறவி அச்சணந்தியின் தாயார் குணமதியார் செய்வித்த திருமேனி என்று இந்த மலைக் கல்வெட்டு ஒன்று சொல்கிறது. அந்த மாதிரி வரியில் ஒரு எழுத்து மங்கியிருந்தால் வரைந்து நிரப்ப வேண்டாம், டார்ச்சை இன்னும் சாய்த்து நாலு பக்கமிருந்தும் எடுத்து, படங்களை அப்படியே போட்டுவிடுங்கள்.