கற்பனை நாட்டுக்கு ஒரு சடங்குப் பண்டம்: முளைக்களி, படிப்படியாக

கற்பனை உலகில் நடக்கும் கதைக்கு ஒரு சடங்கு உணவு தேவைப்பட்டால், பெயரையும் நிறத்தையும் யோசிப்பதற்கு முன் அடுப்பை யோசியுங்கள். அந்தச் சடங்கின் ஒவ்வொரு விதிக்கும் சமையலில் ஒரு காரணம் இருந்தால்தான் வாசகர் நம்புவார். அதனால் இங்கே ஒரு பண்டத்தை உண்மையாகவே சமைப்போம். விதிகள் அதிலிருந்து தாமாகப் பிறக்கும்.

நம் மக்களுக்குப் பனிமடியார் என்று பெயர் வைத்துக்கொள்வோம். உயரமான மலைப் பள்ளத்தாக்கில் வாழ்கிறார்கள். ஏழு மாதம் குளிர். கரும்பு விளையாது, தேனும் கிடைக்காது. குளிர் முடியும் நாளில், விதைப்புக்கு ஒதுக்கியது போக மிஞ்சிய கோதுமையை முளைகட்டி, ஊரே விழித்திருந்து ஓர் இனிப்பு கிண்டுகிறது. அதில் சர்க்கரை ஒரு சிட்டிகைகூடக் கிடையாது.

இப்படி ஒரு பண்டம் நிஜமாகவே இருக்கிறது. வசந்த காலத் தொடக்கத்தில் வரும் நவ்ரோஸ் பண்டிகைக்கு ஈரானில் சமனு, உஸ்பெகிஸ்தானில் சுமலக் என்று செய்கிறார்கள். கோதுமை முளைக்கும்போது அதில் அமிலேஸ் என்னும் நொதி பெருகுகிறது. அது மாவுச்சத்தை உடைத்து மால்டோஸ் என்ற சர்க்கரையாக்குகிறது. இனிப்பு வருவது அங்கிருந்துதான். நாம் கிண்டப்போவது அதன் சிறிய அளவு.

தேவையானவை: முழுக் கோதுமை 250 கிராம், கோதுமை மாவு 500 கிராம், தண்ணீர், ஏழு அல்லது எட்டு லிட்டர் பிடிக்கும் அடிகனமான பாத்திரம், நீளக் கைப்பிடி கொண்ட மரத்துடுப்பு. கோதுமையை மளிகைக் கடையில் வாங்குங்கள். விதைக்கென்று விற்பதில் பூச்சிமருந்து கலந்திருக்கலாம், அது வேண்டாம். முழுச் சம்பா கோதுமை நன்றாக முளைக்கும். உடைத்ததோ வறுத்ததோ முளைக்காது.

முளைகட்டுதல்

கோதுமையைக் கழுவி 12 மணி நேரம் ஊற வையுங்கள். நடுவில் இரண்டு முறை தண்ணீரை மாற்றாவிட்டால் வெயில் காலத்தில் புளித்துவிடும். பிறகு வடித்து, அகலத் தட்டில் ஈரத்துணி விரித்து, ஒரு விரல் கனத்துக்குமேல் போகாமல் பரப்பி, இன்னொரு ஈரத்துணியால் மூடி இருட்டில் வையுங்கள். நாளுக்கு மூன்று முறை தண்ணீர் தெளித்தால் போதும். அடியில் தண்ணீர் தேங்கக் கூடாது.

நம் ஊர் வெப்பத்தில் இரண்டு மூன்று நாளில் வெள்ளை வேர்கள் ஒன்றோடொன்று பின்னிக்கொள்ளும். தளிர் மணியின் நீளத்தை எட்டியதும் நிறுத்திவிடுங்கள். பச்சை தட்டினால் களி கசக்கும். முளைப்பாரியை இருட்டறையில் வளர்ப்பதைப் பார்த்தவர்களுக்கு இது எளிதில் புரியும்: வெளிச்சம் படாதவரை தளிர் வெளிறியே இருக்கும்.

வேரைச் சுற்றி வெள்ளைப் பஞ்சுபோலத் தெரிந்தால் பயப்பட வேண்டாம். தண்ணீர் தெளித்ததும் படிந்துவிட்டால் அது வேர்த்தூவி. சாம்பல், கறுப்பு, பச்சைப் பூசணம் தெரிந்தாலோ மக்கல் வாடை வந்தாலோ மொத்தத்தையும் கொட்டிவிடுங்கள். அந்தப் பகுதியை மட்டும் எடுத்துப்போட்டு மீதியைச் சமைப்பது ஆபத்து.

இதிலிருந்தே பனிமடியாரின் முதல் விதி கிடைத்துவிட்டது: "பச்சை கண்ட முளை பானைக்கு ஆகாது." முளைத்தட்டை இருட்டில் காப்பவர் யார் என்பதை நீங்கள் முடிவு செய்யுங்கள்.

முளைப்பாலும் வெந்நீரும்

முளையை வேரோடு மிக்ஸியில் போட்டு, தண்ணீர் விட்டு அரைத்து, மெல்லிய துணியில் பிழியுங்கள். சக்கையை இன்னொரு முறை அரைத்துப் பிழிந்து, மொத்தப் பாலும் ஒன்றரை லிட்டர் வரும்படி தண்ணீரை அளந்து சேர்க்க வேண்டும். அதில் மாவைக் கட்டி தட்டாமல் கரையுங்கள்.

அடுத்து வருவதில்தான் பெரும்பாலும் தவறு நடக்கிறது. எடுத்த எடுப்பில் கொதிக்கவிட்டால் நொதி செத்துவிடும்; எவ்வளவு நேரம் கிண்டினாலும் வெறும் கோதுமைக் கஞ்சிதான் மிஞ்சும். நொதி நன்றாக வேலை செய்வது 55 முதல் 65 டிகிரி செல்சியஸ் வரை. வெப்பமானி இல்லையென்றாலும் வழி உண்டு. ஒன்றரை லிட்டர் தண்ணீரைத் தளதளவென்று கொதிக்கவைத்து, மாவு கரைத்த பாலில் மெல்லிய தாரையாக ஊற்றிக்கொண்டே கிளறுங்கள். 30 டிகிரியில் இருக்கும் பாலும் 100 டிகிரி வெந்நீரும் சம அளவில் சேரும்போது கலவை 60 டிகிரியை ஒட்டி நிற்கும். மூடி, கனமான துணியால் சுற்றி ஒரு மணி நேரம் அசையாமல் வையுங்கள்.

முதலில் கூழாக இறுகும், பிறகு தானாக இளகும். நீர்த்துப்போய்விட்டதே என்று மாவு சேர்க்காதீர்கள். இளகினால் மாவுச்சத்து உடைகிறது என்று பொருள். சிறிது எடுத்து ருசித்தால் இனிப்பு தெரியும். தெரியவில்லை என்றால் இன்னும் அரை மணி நேரம் விடுங்கள்.

மலையில் இந்தக் கணக்கு மாறும். கடல்மட்டத்திலிருந்து 3000 மீட்டர் உயரத்தில் தண்ணீர் ஏறத்தாழ 90 டிகிரியிலேயே கொதித்துவிடும். குளிரில் முளைப்பாலும் 10 டிகிரிக்கு இறங்கியிருக்கும். ஆகவே பனிமடியார் ஒரு குடம் பாலுக்கு இரண்டு குடம் வெந்நீர் ஊற்ற வேண்டும். ஊரின் மூத்தவர் இருவர் வெந்நீர்க் குடத்தோடு நிற்க, நடுவில் ஓர் இளையவர் பாலைக் கிளறுகிறார் என்று எழுதினால், அந்த மூவர் எதற்கு என்று வாசகருக்கு விளக்கவே தேவையில்லை.

கிண்டுதல்

இப்போது அடுப்பில் ஏற்றலாம். கொதி வரும்வரை மட்டான தீ, பிறகு சிம். உஸ்பெகிஸ்தானில் சுமலக் அண்டாவின் அடியில் கூழாங்கற்களைப் போடுவார்கள். துடுப்புப் படாத இடத்தில்கூடக் கல் உருண்டு மாவு படிவதைத் தடுக்கும். தன் கிண்ணத்தில் கல் வந்தவருக்கு நல்லது நடக்கும் என்ற நம்பிக்கையும் அங்கே உண்டு. நீங்களும் போடலாம்: வழவழப்பான, விரிசல் இல்லாத ஏழு கற்கள், ஒவ்வொன்றும் பெரிய நெல்லிக்காயைவிடச் சிறியதாக இருக்கக் கூடாது. தேய்த்துக் கழுவி, தனியாக 20 நிமிடம் கொதிக்கவைத்து எடுத்த பிறகே பானையில் இடுங்கள். எத்தனை போட்டீர்களோ அத்தனையும் திரும்ப எண்ணி எடுத்த பிறகுதான் குழந்தைகளுக்குப் பரிமாற வேண்டும்.

மூன்று முதல் நான்கு மணி நேரம் ஆகும். முதல் இரண்டு மணி நேரம் பெரிதாக ஒன்றும் நடக்காது, ஐந்து நிமிடத்துக்கு ஒரு முறை துழாவினால் போதும். நிறம் பொன்னாகி, பிறகு பழுப்பாகும்போது கையை எடுக்கக் கூடாது. சர்க்கரை செறிந்துவிட்டதால் இரண்டு நிமிட அசட்டையில் அடிப்பிடிக்கும். குமிழ் வெடித்துச் சுடச்சுடத் தெறிக்கும், நீளக் கைப்பிடி அதற்குத்தான். ஆள் மாற்றி ஆள் கிண்டும் விழிப்பும், தூக்கம் வராமல் பாடும் பாட்டும் இங்கே இயல்பாக வந்து சேர்கின்றன.

அடிப்பிடித்துவிட்டால் சுரண்டாதீர்கள். மேலாக வேறு பாத்திரத்துக்கு மாற்றித் தொடருங்கள். சுரண்டினால் கருகல் வாடை முழுவதும் ஏறும். துடுப்பால் அடியில் கோடு இழுத்தால் இரண்டு நொடி மூடாமல் நின்றால் பதம் வந்துவிட்டது. ஆறினால் இன்னும் இறுகும் என்பதால், சற்று இளக்கமாக இருக்கும்போதே இறக்கிவிடுங்கள். ஏறக்குறைய ஒன்றேகால் கிலோ கிடைக்கும்.

ஆளுக்கு ஒரு சிறு கிண்ணம் போதும், அக்ரூட் தூவிக் கொடுக்கலாம். கோதுமைப் புரதம் ஒவ்வாதவர்கள் தொடக் கூடாது. சர்க்கரை சேர்க்கவில்லை என்பதற்காக நீரிழிவு உள்ளவர்கள் தாராளமாகச் சாப்பிடவும் கூடாது, மால்டோஸ் இரத்தச் சர்க்கரையை வேகமாக ஏற்றும். மீதியை மூடி போட்ட கண்ணாடிப் பாத்திரத்தில் ஃபிரிட்ஜில் வைத்து, ஈரமில்லாத கரண்டியால் எடுத்து ஒரு வாரத்துக்குள் தீர்த்துவிடுங்கள்.