பெரிய கோயிலில் நிழலைத் தேடாதீர்கள்

தஞ்சைப் பெரிய கோயிலுக்கு வருகிறவர்களில் பலர் முதலில் தேடுவது சிவனை அல்ல, நிழலை. விமானத்தின் நிழல் தரையில் விழாது என்று யாரோ சொல்லி அனுப்பியிருப்பார்கள். நன்றாகவே விழும். காலை எட்டு மணிக்குக் கருவறைக்குப் பின்னால், மேற்குத் திருச்சுற்றில் போய் நின்று பாருங்கள், நிழலுக்குள்தான் நிற்பீர்கள். மாலையில் அதே நிழல் கிழக்கே நீளும். சுட்டு ஓய்ந்த கல்தரையில் குடும்பம் குடும்பமாக உட்கார்ந்திருப்பவர்களுக்கு அதுதான் பந்தல். கட்டுக்கதைக்கும் ஒரு காரணம் உண்டு. விமானம் அடி அகன்று, மேலே போகப் போகக் குறுகுகிறது. உச்சிப்பொழுதில், அதிலும் சூரியன் நேர் தலைக்கு மேல் வரும் சித்திரைத் தொடக்கத்தில், நிழல் அதன் உடம்பிலேயே அடங்கிவிடும்.

உச்சியில் இருப்பது 80 டன் எடையுள்ள ஒற்றைக் கல் என்பதும் இதே ரகம். பல கற்களைப் பொருத்திச் செய்த சிகரம் அது. அத்தனை உயரத்தில் இணைப்பு கண்ணுக்குத் தெரியாமல் பொருத்தியதுதான் எனக்குப் பெரிய வித்தையாகப் படுகிறது.

அடுத்த தவறு, கண்ணில் பட்டதையெல்லாம் ராஜராஜன் கணக்கில் எழுதுவது. எல்லோரும் படம் எடுத்துக்கொள்ளும் பெரிய நந்தியும், நுணுக்க வேலைப்பாடு நிறைந்த முருகன் சன்னதியும் நாயக்கர் காலத்தவை. அம்மன் சன்னதி 13ஆம் நூற்றாண்டில் பாண்டியர் காலத்தில் வந்தது. பிள்ளையார் சன்னதி மராட்டியர் கைவண்ணம். வேறு வேறு காலத்தார் தங்கள் பங்குக்குச் சேர்த்துக்கொண்டே வந்த கோயில் இது. அதைச் சொல்வதால் ராஜராஜனுக்கு ஒன்றும் குறைந்துவிடாது.

எனக்கு உண்மையாகவே வருத்தம் தருவது வேறு. கழுத்து வலிக்க அண்ணாந்து பார்க்கிறவர்கள் குனிந்து பார்ப்பதில்லை. விமானத்தின் அடித்தளம் முழுக்க எழுத்து. தான் கொடுத்தவை, தன் அக்கா கொடுத்தவை, தன் பெண்டுகள் கொடுத்தவை, மற்றவர்கள் கொடுத்தவை எல்லாவற்றையும் கல்லில் வெட்டச் சொன்னான் ராஜராஜன். தன் 25ஆம் ஆட்சியாண்டின் 275ஆம் நாளில், அதாவது 1010இல், விமானத்தின் உச்சியில் வைக்கச் செப்புக் குடம் கொடுத்த செய்தியும் அதில் இருக்கிறது. மதிலில் இருக்கும் கல்வெட்டு, கோயில் பணிக்கு அமர்த்தப்பட்ட ஆடல் மகளிரான தளிச்சேரிப் பெண்டுகள் நானூறு பேரை, எந்தத் தெருவில் எத்தனையாவது வீடு என்பதோடு, பெயர் பெயராகச் சொல்கிறது.

வழிபாட்டுக்கு வருவோம். வடபுறத்தில் இருக்கும் சண்டிகேசுவரர் சன்னதி ராஜராஜன் காலத்தது. அங்கே போய்ப் பலமாகக் கைதட்டுகிறார்கள், உடுத்திய துணியிலிருந்து நூலைப் பிய்த்துப் போடுகிறார்கள். 'சிவன் சொத்தில் எதையும் எடுத்துப் போகவில்லை' என்று காட்டத்தான் அவர் முன்னால் கையைத் துடைத்துக்கொள்வது. தியானத்தில் இருப்பவர் அருகே ஓசை எழாமல் உள்ளங்கைகளைத் தடவிக்கொண்டாலே போதும். கோயில் கணக்குக்கும் அவருக்கும் உள்ள உறவு கல்வெட்டிலேயே இருக்கிறது. கோயில் காசை ஊர்ச்சபைகள் சண்டிகேசுவரரிடமிருந்து கடன் வாங்கியதாகத்தான் எழுதியிருக்கிறார்கள். வட்டி, ஆண்டுக்குக் காசுக்கு அரைக்கால் காசு. இன்றைய கணக்கில் பன்னிரண்டரை சதவீதம்.

நண்பகலில் போவதும் தவறு. நடை சாத்தியிருக்கும், வெறுங்காலில் கல்தரையைக் கடக்கவும் முடியாது.

கடைசியாக, பக்தியோடு செய்யும் ஒரு தவறு. போன முறை ஓர் அம்மா, கையில் மிஞ்சிய திருநீற்றை அடித்தளத்துக் கல்லில் தேய்த்துவிட்டுக் கன்னத்தில் போட்டுக்கொண்டார். விரல் பட்ட இடத்தில் இரண்டு வரி எழுத்து. பொடி குழிக்குள் இறங்கி, எது எழுத்து, எது கீறல் என்று தெரியாமல் போயிருந்தது. குங்குமமும் எண்ணெயும் படிந்தால் இன்னும் மோசம். பிரசாதம் மிஞ்சினால் ஒரு தாளில் மடித்து வீட்டுக்கு எடுத்துப் போங்கள்.