பெய்ஜிங்கில் அரை நாள் தனி கைடு: பணம் கட்டும் முன்

பெய்ஜிங்கில் நான்கைந்து மணி நேரம்தான் இருக்கிறதா? தியானன்மென் சதுக்கம், தடைசெய்யப்பட்ட நகரம் என்ற பழைய பேரரசர் அரண்மனை, ஜிங்ஷான் பூங்கா மூன்றும் போதும். பெருஞ்சுவரையும் சேர்த்தால் பாதி நேரம் காரிலேயே போய்விடும்.

அரண்மனைக்கு வாசலில் டிக்கெட் கிடைக்காது. 7 நாள் முன்பு, இரவு 8 மணிக்கு ஆன்லைனில் திறக்கும். சீசனில் சீக்கிரமே தீர்ந்துவிடும். அதனால் பாஸ்போர்ட் எண்ணை கைடிடம் முன்கூட்டியே கொடுங்கள். ஒரு எழுத்து தவறினாலும் நுழைவில் சிக்கல்தான். அன்று அசல் பாஸ்போர்ட் கையில் இருக்க வேண்டும், போட்டோ நகல் உதவாது. சதுக்கத்துக்கும் தனியாக முன்பதிவு உண்டு. திங்கட்கிழமை அரண்மனைக்கு விடுமுறை.

தெற்கு வாசலில் நுழைந்து வடக்கு வாசலில் வெளியே வருவதுதான் வழக்கமான வழி, இடையில் சுமார் ஒரு கிலோமீட்டர் கல் தரை. கார் தெற்கே காத்திருந்தால் பெரிய சுற்று நடக்க நேரிடும். வடக்குப் பக்கம் வரச் சொல்லுங்கள். எதிரேதான் ஜிங்ஷான். குன்றேறினால் மஞ்சள் ஓட்டுக் கூரைகள் வரிசை வரிசையாகத் தெரியும், அதைத் தவறவிடாதீர்கள்.

கட்டணத்தில் நுழைவுச்சீட்டு, கார், பார்க்கிங் அடங்குமா என்று கேளுங்கள். பட்டுக் கடை, தேநீர்க் கடைக்கு அழைத்துப் போகக் கூடாது என்பதையும் எழுத்திலேயே வாங்கிவிடுங்கள்.