நீண்ட அயல்நாட்டுப் போர் ஒரு நாட்டின் படை உத்தியை எவ்வாறு மாற்றியது என்பதை ஆராய்வது எப்படி?

ஒரு நாடு தன் எல்லைக்கு வெளியே பல ஆண்டுகள் போரிட்டுத் திரும்பும்போது, அதன் படைகள் போனபடியே திரும்புவதில்லை. ஆள் சேர்க்கும் முறை, பயிற்சிக் களம், வாங்கும் தளவாடம், பதவி உயர்வு பெறும் அதிகாரிகள், அடுத்த எதிரி யார் என்ற கணிப்பு ஆகிய எல்லாமே சிறுகச் சிறுக மாறியிருக்கும். இந்த மாற்றத்தைத் தலைவர்களின் உரைகளிலிருந்து மட்டும் அறிய முயல்பவர்கள் பெரும்பாலும் ஏமாந்துபோகிறார்கள். எதைக் கற்றோம் என்று உரைகள் சொல்லுமே தவிர, எதைக் கைவிட்டோம் என்று சொல்வதில்லை. ஒரு படை எதைக் கைவிட்டது என்பதே அதன் உத்தி மாறியதற்கான மிக நம்பகமான சான்று என்பது என் கருத்து. அந்தச் சான்றை எங்கே தேடுவது, எப்படி எடைபோடுவது என்பதை, பொது ஆவணங்கள் ஏராளமாகக் கிடைக்கும் அமெரிக்காவை முன்வைத்து இங்கே விளக்குகிறேன். அரசறிவியலும் பன்னாட்டு உறவுகளும் பயில்பவர்களுக்கும், குடிமைப் பணித் தேர்வுகளுக்குப் படிப்பவர்களுக்கும் இந்த வழிமுறை உதவும்.

இரண்டு காலக்கோடுகள்

முதல் வேலையாக ஒரு தாளில் இரண்டு காலக்கோடுகளை ஒன்றன்கீழ் ஒன்றாக வரையுங்கள். எடுத்துக்காட்டாக, மேற்கோட்டில் வியட்நாம் போரின் நாள்களைக் குறியுங்கள்: 1965 மார்ச்சில் டா நாங் கடற்கரையில் அமெரிக்க மரீன் படையினர் இறங்கியது, 1969-இல் வியட்நாமில் இருந்த அமெரிக்கத் துருப்புகளின் எண்ணிக்கை 5.4 லட்சத்தை எட்டியது, 1973 ஜனவரி 27-இல் பாரிஸ் உடன்படிக்கை கையெழுத்தானது. கீழ்க்கோட்டில் படைத்துறையும் நாடாளுமன்றமும் எடுத்த முடிவுகளைக் குறியுங்கள். பாரிஸில் கையெழுத்தான அதே நாளில் பாதுகாப்பு அமைச்சர் மெல்வின் லெயர்டு கட்டாய ஆள்சேர்ப்பு முடிவுக்கு வந்ததாக அறிவித்தார். அவ்வாண்டு ஜூலையில் தரைப்படை தன் பயிற்சிக்கும் போர்க்கோட்பாட்டுக்கும் எனத் தனிக் கட்டளையகம் ஒன்றைத் தொடங்கியது. நவம்பரில் அதிபர் நிக்சனின் மறுப்பாணையை மீறி, அமெரிக்க நாடாளுமன்றமான காங்கிரஸ் போர் அதிகாரத் தீர்மானத்தை நிறைவேற்றியது. படைகளைப் போர்ச்சூழலுக்கு அனுப்பினால் 48 மணி நேரத்துக்குள் காங்கிரசுக்குத் தெரிவிக்க வேண்டும் என்றும், அதன் ஒப்புதல் இல்லையேல் 60 நாள்களில் அந்த நடவடிக்கையை நிறுத்த வேண்டும் என்றும் அத்தீர்மானம் கூறுகிறது.

அமைப்பு சார்ந்த முடிவுகள் இப்படி உடனடியாக வந்துவிடும். மனிதர் வழியாக வரும் மாற்றத்துக்கோ பதினைந்து, இருபது ஆண்டுகள் ஆகும். ஆகவே கீழ்க்கோட்டை அடுத்த தலைமுறை வரை நீட்டிக்கொள்ளுங்கள். 1991 வளைகுடாப் போரை வழிநடத்திய காலின் பாவெல், நார்மன் ஷ்வார்ஸ்காஃப் இருவரும் இளம் அதிகாரிகளாக இரண்டிரண்டு முறை வியட்நாமில் பணியாற்றியவர்கள். தெளிவற்ற நோக்கத்துக்காகத் தவணை தவணையாகப் படைகளை அனுப்பக்கூடாது, அனுப்பினால் வலிமை அத்தனையையும் திரட்டி அனுப்ப வேண்டும் என்ற பிடிவாதம் அந்தத் தலைமுறையின் அனுபவத்திலிருந்து பிறந்தது. வளைகுடாவில் தரைப்போர் 100 மணி நேரத்தில் நிறுத்தப்பட்டதையும், பாக்தாத்துக்குப் படை செல்லாததையும் இந்தப் பின்னணி இல்லாமல் முழுமையாக விளங்கிக்கொள்ள முடியாது.

யார் போரிடுகிறார்கள் என்று பாருங்கள்

அடுத்து ஆள்பலத்தைப் பாருங்கள். கட்டாயச் சேவை நின்று தன்னார்வப் படை வந்தபின், ஒவ்வொரு சிப்பாயும் அரசுக்குச் செலவு மிக்கவரானார். அவருக்கு நல்ல ஊதியம், நீண்ட பயிற்சி, குடும்ப நலத் திட்டங்கள் தேவைப்பட்டன. எனவே எண்ணிக்கையை நம்பாமல் தரத்தையும் தொழில்நுட்பத்தையும் நம்பும் உத்தி இயல்பாகவே வந்தது. அதோடு, முழுநேரப் படை பெரிய போருக்குப் போக வேண்டுமென்றால், வேறு வேலை பார்த்துக்கொண்டே பகுதிநேரமாகப் பயிற்சி பெறும் ரிசர்வ் படையினரையும் அழைத்தே ஆக வேண்டும் என்ற அமைப்பு 1970-களில் உருவானது. தரைப்படைத் தலைமைத் தளபதி கிரைட்டன் ஏப்ரம்ஸ், ஊர்தோறும் உள்ள ரிசர்வ் வீரர்களை அழைக்காமல் எந்த அதிபரும் இனி மக்களுக்குத் தெரியாமல் போருக்குள் நழுவிவிடக் கூடாது என்று திட்டமிட்டே இதைச் செய்தார் என்பது பரவலாகச் சொல்லப்படும் விளக்கம். ஆனால் அது அவருடைய நோக்கமா, அல்லது குறைந்த நிதியில் 13 டிவிஷன்களை (பல ஆயிரம் வீரர்கள் கொண்ட பெரும் படைப்பிரிவுகளை) 16 ஆக்க முனைந்ததன் விளைவா என்பதில் வரலாற்றாய்வாளர்களிடையே கருத்து வேறுபாடு உண்டு. இத்தகைய இடங்களில் நோக்கத்தை ஒரு பத்தியிலும் விளைவை இன்னொரு பத்தியிலும் எழுதிக்கொள்ளுங்கள். விளைவைப் பற்றி ஐயமில்லை: 1991 போருக்காக இரண்டு லட்சத்துக்கும் மேற்பட்ட ரிசர்வ், தேசியக் காவல் படையினர் அழைக்கப்பட்டனர்.

பயிற்சிக் களத்தில் எதிரி யார்?

எனக்கு மிகவும் பயன்பட்ட கேள்வி இதுதான். படைகள் பயிற்சியில் யாரை எதிரியாக வைத்துச் சண்டையிடுகின்றன என்று பார்த்தால், அந்த நாடு எந்தப் போருக்குத் தயாராகிறது என்பது தெரிந்துவிடும். கலிஃபோர்னியாவின் மொஹாவி பாலைவனத்தில், ஃபோர்ட் இர்வினில், 1980-களின் தொடக்கத்தில் தேசியப் பயிற்சி மையம் செயல்படத் தொடங்கியபோது, அங்கே எதிரிப் படையாக நடித்தவர்கள் சோவியத் ரெஜிமென்ட் ஒன்றின் அணிவகுப்பையும் தாக்குதல் முறையையும் அப்படியே பின்பற்றினார்கள். வியட்நாமின் காடும் வயலும் கிராமமும் அந்தப் பாலைவனத்தில் எங்கும் இல்லை. துப்பாக்கிகளிலும் டாங்கிகளிலும் லேசர் கருவிகள் பொருத்தப்பட்டிருந்ததால், எந்த வண்டி எப்போது ‘அழிந்தது’ என்பது உடனுக்குடன் பதிவானது; பயிற்சி முடிந்ததும் தளபதி தன் சிப்பாய்கள் முன்னிலையிலேயே தன் பிழைகளைக் கேட்டுக்கொள்ள வேண்டியிருந்தது.

2003-இல் ஈராக் போர் தொடங்கிய பின், அதே பாலைவனத்தில் போலிக் கிராமங்கள் எழுந்தன. அரபு மொழி பேசும் ஈராக்கிய வம்சாவளி அமெரிக்கர்கள் ஊர்த்தலைவர்களாகவும் கடைக்காரர்களாகவும் நடித்தார்கள். சாலையோரத்தில் போலி வெடிகுண்டுகள் வைக்கப்பட்டன. சிப்பாய்கள் சோதனைச் சாவடியில் பதற்றமின்றி நடந்துகொள்ளவும், ஊர்ப் பெரியவரோடு அமர்ந்து பேசவும் பழகினார்கள். ஈராக்கிலிருந்து படைகள் வெளியேறிய பின், மீண்டும் டாங்கிகளும் பீரங்கிகளும் உடைய வல்லரசுப் படையே எதிரியானது. இம்முறை அதனிடம் டிரோன்களும் வானொலித் தொடர்பை முடக்கும் கருவிகளும் இருந்தன. ஒரே களத்தில் மூன்று எதிரிகள் மாறிய கதையில் நாற்பது ஆண்டு உத்தி அடங்கியிருக்கிறது.

பயிற்சிக் களத்தோடு சேர்த்துப் படிக்க வேண்டியவை போர்க் கையேடுகள். தரைப்படையின் அடிப்படைக் கையேடு 1976-இல் புதிதாக வந்தபோது, அது ஐரோப்பாவில் சோவியத் டாங்கிகளைத் தடுத்து நிறுத்துவதைப் பற்றியே பேசியது. அதன் பின்னிருந்த தளபதி வில்லியம் டிபியூ, வியட்நாமில் முதலாம் காலாட்படை டிவிஷனை நடத்தியவர் என்பதை நினைவில் வையுங்கள். 1982 பதிப்பு தரையும் வானும் இணைந்து எதிரியின் பின்வரிசை வரை தாக்கும் கோட்பாட்டை முன்வைத்தது. 2006 டிசம்பரில்தான், தளபதிகள் டேவிட் பெட்ரேயஸ், ஜேம்ஸ் மாட்டிஸ் ஆகியோரின் முன்முயற்சியில், கிளர்ச்சி எதிர்ப்புப் போருக்கான முழுக் கையேடு வெளிவந்தது. அதன் முன்னுரையே, இப்பொருளுக்கென்று தனிக் கையேட்டைத் தரைப்படை வெளியிட்டு இருபது ஆண்டுகளாகிவிட்டன என்று ஒப்புக்கொள்கிறது. அந்த ஒரு வரியை இரண்டு முறை படியுங்கள். 58,000-க்கும் மேற்பட்ட அமெரிக்க உயிர்களைப் பறித்த வியட்நாம் போரில் பெற்ற அறிவு பரணில் போடப்பட்டுவிட்டது. ஈராக்கில் போய் இறங்கியவர்கள் அதைத் திரும்ப முதலிலிருந்து கற்க நேர்ந்தது. அமெரிக்கச் சிப்பாய்களும் ஈராக்கியப் பொதுமக்களும் அதற்குக் கொடுத்த விலை மிகப் பெரியது.

தளவாடத்தின் வழியே

ஒரு தளவாடம் ஏன் பிறந்தது, பிறகு என்ன ஆனது என்று இறுதிவரை பின்தொடருங்கள். ஈராக்கில் அடிப்பாகம் தட்டையான ஹம்வீ வண்டிகளில் சென்றவர்களைச் சாலையோர வெடிகுண்டுகள் கொன்றன. வெடிப்பின் விசை முழுவதும் தட்டையான தகட்டில் நேராக மோதியது. அடிப்பாகம் ஆங்கில வி எழுத்தைப் போலக் கூராக இருந்தால் அந்த விசை இருபக்கமும் சிதறிப்போகும். தென்னாப்பிரிக்காவும் ரொடீசியாவும் தங்கள் நீண்ட எல்லைப் போர்களில் கண்ணிவெடிகளுக்கு எதிராகக் கண்டறிந்த வடிவம் அது. 2007-இல் பாதுகாப்பு அமைச்சர் ராபர்ட் கேட்ஸ் இத்தகைய எம்ராப் வண்டிகளை வாங்குவதே முதல் முன்னுரிமை என்று உத்தரவிட்டார். 20,000-க்கும் மேற்பட்ட வண்டிகள் வாங்கப்பட்டன. உயிர்களைக் காப்பாற்றிய அந்த வண்டிகள், ஆப்கானிஸ்தானின் குறுகிய மலைப்பாதைகளுக்கு மிகக் கனமாக இருந்தன. போர்கள் ஓய்ந்தபோது கணிசமானவை உடைத்தெறியப்பட்டன, சில உள்ளூர்க் காவல் துறைகளுக்குத் தரப்பட்டன. அந்தப் போர்முறையைப் படைத்துறை தன் எதிர்காலமாகக் கருதவில்லை என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று வேண்டியதில்லை.

வாங்காமல் விட்டதையும் தேடுங்கள். ஈராக்கிலும் ஆப்கானிஸ்தானிலும் எதிரிக்கு விமானமே இல்லாததால், தரைப்படை தன் குறுகிய தூர வான் பாதுகாப்புப் பிரிவுகளில் பெரும்பாலானவற்றைக் கலைத்தது. பீரங்கி வீரர்கள் பீரங்கியை விட்டு ரோந்துப் பணிக்குப் போனார்கள். 2014-இல் ரஷ்யா கிரைமியாவைக் கைப்பற்றிய பிறகே இந்த ஓட்டைகள் பெரிதாகத் தெரிந்தன.

கைவிட்டவற்றின் கணக்கு

இப்போது, ‘கைவிட்டது’, ‘வைத்துக்கொண்டது’ என்று இரு பத்திகள் கொண்ட அட்டவணை ஒன்றைத் தயாரியுங்கள். 2012 ஜனவரியில் வெளியான பாதுகாப்பு உத்தி வழிகாட்டுதல், பெரிய அளவில் நீண்ட காலம் நடக்கும், போர் நடந்த நாட்டில் ஒழுங்கை நிலைநாட்டும் பணிகளுக்கேற்ப இனிப் படையின் அளவு தீர்மானிக்கப்படாது என்று வெளிப்படையாகவே சொன்னது. 2018 தேசியப் பாதுகாப்பு உத்தி, பயங்கரவாதத்தை விட வல்லரசுகளுக்கிடையிலான போட்டியே முதன்மைக் கவலை என்று அறிவித்தது. மரீன் படையின் தலைவர் டேவிட் பெர்கர் 2020 மார்ச்சில் வெளியிட்ட திட்டம் எல்லா டாங்கிகளையும் விட்டுவிடவும், குழல் பீரங்கி பேட்டரிகளை (பீரங்கி அணிகளை) 21-இலிருந்து 5 ஆகக் குறைக்கவும் முடிவு செய்தது. பல ஆண்டுகள் ஈராக்கின் அன்பாரிலும் ஆப்கானிஸ்தானின் ஹெல்மண்டிலும் இரண்டாம் தரைப்படையைப் போலப் போரிட்ட மரீன்கள், பசிபிக் தீவுகளிலிருந்து கப்பல் எதிர்ப்பு ஏவுகணைகளை ஏவும் படையாக மாறத் தொடங்கினர்.

வைத்துக்கொண்டவற்றையும் நேர்மையாக எழுதுங்கள். மரீன்களின் அந்த ஏவுகணையைச் சுமக்கும் ஆளில்லா வண்டி, ஹம்வீயின் பலவீனத்தைக் கண்டபின் வடிவமைக்கப்பட்ட புதிய இலகு வண்டியின் சட்டகத்தின் மேல் கட்டப்பட்டது. 2001-இல் ஆப்கானிஸ்தானில் ஆயுதம் ஏந்திப் பறந்த பிரிடேட்டர் தொடங்கிவைத்த டிரோன் போர்முறை நீடித்து நிற்கிறது. நேச நாட்டுப் படைகளுக்குப் பயிற்சி தருவதற்கென அமைக்கப்பட்ட தனிப் பிரிகேடுகளும் அந்தப் போர்களின் எச்சமே.

காரணத்தைச் சோதித்தல்

போருக்குப் பின் வந்த மாற்றம் எல்லாமே போரால் வந்தது என்று எழுதிவிடாதீர்கள். 1976 கையேட்டுக்கு வியட்நாம் எவ்வளவு காரணமோ, அவ்வளவு காரணம் 1973 அக்டோபர் அரபு–இஸ்ரேல் போர். அதில் சில வாரங்களில் டாங்கிகள் அழிந்த வேகம் அமெரிக்கத் தளபதிகளைத் திகைக்க வைத்தது. 2018 மாற்றத்துக்குச் சீனக் கடற்படையின் வளர்ச்சியே போதுமான காரணம் என்று வாதிடலாம். ஒவ்வொரு மாற்றத்துக்கும் எதிரே, அந்த நீண்ட போர் நடந்திராவிட்டாலும் இது வந்திருக்குமா என்ற கேள்வியை எழுதி, விடையை ‘வந்திருக்கும்’, ‘வந்திராது’, ‘தாமதமாக வந்திருக்கும்’ என மூன்றில் ஒன்றாகக் குறியுங்கள். மூன்றாம் விடையே அதிகம் வரும் என்பது என் கணிப்பு. 1984 நவம்பரில் பாதுகாப்பு அமைச்சர் காஸ்பர் வைன்பெர்கர், படைகளை வெளிநாட்டுக்கு அனுப்ப ஆறு நிபந்தனைகளை அறிவித்ததற்கு வியட்நாம் ஆழமான காரணம் என்றால், அதற்கு முந்தைய ஆண்டு பெய்ரூட்டில் 241 அமெரிக்கப் படையினர் குண்டுவெடிப்பில் இறந்தது உடனடிக் காரணம். இரண்டையும் எழுதினால்தான் விளக்கம் நிறைவுறும்.

இந்த முறையைச் சொந்தமாகச் செய்து பார்க்க விரும்புவோருக்கு நமக்கு நெருக்கமான ஒரு நிகழ்வு இருக்கிறது: 1987 ஜூலை உடன்படிக்கையின் பேரில் இலங்கைக்குச் சென்று 1990 மார்ச்சில் திரும்பிய இந்திய அமைதி காக்கும் படை. ஆயிரத்துக்கும் மேற்பட்ட இந்தியப் படையினர் இறந்தார்கள். ஈழத்துப் பொதுமக்கள் அடைந்த துயரம் இன்றும் ஆறவில்லை. சென்னைக்குத் திரும்பிய படையினரை வரவேற்க அப்போதைய முதல்வர் மு. கருணாநிதி செல்லவில்லை. 2003-இல் ஈராக்குக்கு ஒரு டிவிஷன் அளவில் படை அனுப்புமாறு அமெரிக்கா கேட்டபோது, ஐக்கிய நாடுகள் அவையின் வெளிப்படையான ஆணை இருந்தால்தான் பரிசீலிக்க முடியும் என்று வாஜ்பாய் அரசு மறுத்தது. அந்த மறுப்பில் இலங்கை அனுபவத்தின் பங்கு எவ்வளவு, உள்நாட்டில் ஈராக் போருக்கு இருந்த எதிர்ப்பின் பங்கு எவ்வளவு என்று மேலே சொன்ன சோதனையை நடத்திப் பாருங்கள். அட்டவணையை நிரப்பும்போது ஒரு வேறுபாடு கண்ணில் படும். அமெரிக்கா கைவிட்டது கிளர்ச்சி எதிர்ப்பு என்ற போர்முறையை. இந்தியாவால் அப்படிச் செய்ய முடியவில்லை. காஷ்மீரில் கிளர்ச்சி வெடித்திருந்த 1990-இலேயே அதற்கென ராஷ்டிரிய ரைஃபிள்ஸ் என்ற தனிப் படை எழுப்பப்பட்டது. ஆகவே இந்தியாவின் அட்டவணையில் ‘கைவிட்டது’ என்ற பத்தியில், ஐ.நா. கொடியின்றி அயல்மண்ணில் நீண்டகாலம் படையை நிறுத்துவது என்று எழுத வேண்டியிருக்கும். கிளர்ச்சி எதிர்ப்புப் போர் ‘வைத்துக்கொண்டது’ என்ற பத்திக்குப் போகும்.