பேர் ஒன்றுதான், வட்டு ஒன்றில்லை

பாளையங்கோட்டை வீட்டில் பரணை ஒழித்தபோது பிஸ்கட் டப்பா நிறையப் பழைய பிளேஸ்டேஷன் சிடிக்கள் கிடைத்தன. கிரான் டூரிஸ்மோ 2 என்ற கார் ரேஸ் கேம் மட்டும் இரண்டு செட். "ரெண்டும் ஒண்ணுதாம்ல, ஒண்ணத் தூரப் போடு" என்றார் மாமா. பழைய கேம்களைச் சேர்ப்பவர்கள் செய்கிற முதல் தவறு அதுதான்.

1999-இல் வந்த அந்த கேமின் முதல் அமெரிக்கப் பதிப்பில் ஒரு பிழை. எவ்வளவு ஆடினாலும் கேமை முடித்த கணக்கு 98.2 சதவீதத்தைத் தாண்டாது. பின்னால் அச்சிட்ட வட்டுகளில் அதைச் சரி செய்தார்கள். ஏட்டுச்சுவடியில் பாடபேதம் பார்ப்பதுபோலத்தான் இதுவும்: பிழையுள்ள பிரதியையும் வைத்திருந்தால்தான் எது எப்போது மாறியது என்று சொல்ல முடியும்.

அட்டையை நம்பாதீர்கள். சிடியைக் கவிழ்த்து ஜன்னல் வெளிச்சத்தில் சாய்த்துப் பிடித்தால், நடுத்துளையைச் சுற்றிப் பொடி எழுத்து தெரியும். அதை அப்படியே எழுதி வையுங்கள். மேல்பக்கம் ஒரே எண் இருக்கிற வட்டுகள்கூட அங்கே வேறுபடும்.

அடுத்தது நாடு. வட்டின் எண் எஸ்எல்யூஎஸ் என்று தொடங்கினால் அமெரிக்கா, எஸ்எல்இஎஸ் ஐரோப்பா, எஸ்எல்பிஎஸ் ஜப்பான். மொழி மட்டும்தானே மாறும் என்று ஒதுக்கிவிடக் கூடாது. பால் முறை (குடிக்கிற பால் இல்லை, நம்மூர்ப் பழைய டிவியின் முறை) நொடிக்கு 50 தடவை படம் காட்டும். அமெரிக்க, ஜப்பான் டிவி 60 தடவை. அதைச் சரிக்கட்டாமல் விட்ட கேம்கள் ஐரோப்பாவில் ஆறில் ஒரு பங்கு மெதுவாகவே ஓடின. சில சமயம் ஆளே மாறிவிடுவார். டிவி கேமில் நாம் சுட்டு விளையாடிய காண்ட்ரா, ஐரோப்பிய நின்டெண்டோவில் புரோபோடெக்டர். வீரர்களுக்குப் பதில் ரோபோக்கள்.

அப்புறம் நகலெடுப்பது. எல்லாவற்றையும் ஐஎஸ்ஓ என்ற ஒரே கோப்பாக ஆக்கிவிடுகிறார்கள். சிடியில் தகவலைச் சின்னச் சின்னத் துண்டாக, செக்டாராக, பிரித்திருப்பார்கள்; ஒரு செக்டாரில் 2,352 பைட் உண்டு. ஐஎஸ்ஓ அதில் 2,048-ஐத்தான் எடுக்கும், ஆடியோ டிராக்கை விட்டே விடும். ரிட்ஜ் ரேசர் என்ற கார் கேமின் பாட்டெல்லாம் ஆடியோ டிராக்தான், நகலில் கார் பாட்டில்லாமல் ஓடும். பின்-கியூவாக (.bin, .cue) எடுங்கள்: ஒன்றில் செக்டார் முழுசாக இருக்கும், மற்றதில் டிராக் பட்டியல். இரண்டு தடவை எடுத்து, கோப்பின் கைரேகை மாதிரியான எஸ்எச்ஏ-1 எண் ஒத்துப்போகிறதா பாருங்கள். கேமின் மொழியை மாற்றும் மொழிபெயர்ப்பு பேட்ச் இருந்தால் தனிக் கோப்பாகவே இருக்கட்டும், மூல நகலில் கலக்க வேண்டாம்.

துடைப்பதென்றால் நடுவிலிருந்து வெளியே, நேராக. வட்டமாகத் தேய்க்கக் கூடாது.

வட்டின் மேலே பேப்பர் லேபிள் மட்டும் ஒட்டிவிடாதீர்கள். சிடியில் தகவல் இருக்கிற படலம் மேல்பக்கத்துக்கு அடியிலேயே இருக்கிறது, அதன்மேல் மெல்லிய பூச்சுதான். நான் ஒட்டினேன். ஐப்பசி ஈரத்தில் ஓரம் தூக்கிக்கொண்டது, பிய்த்தேன், வெள்ளிப் படலமும் கூடவே வந்தது. ஜன்னலில் பிடித்துப் பார்த்தால் அந்த இடத்தின் வழியே எதிர்வீட்டு வேப்பமரம் தெரிந்தது.