பர்மா ஆயாவிடம் கதை கேட்டுப் பதிவு செய்வது எப்படி

உங்கள் வீட்டில் ரங்கூனிலிருந்து வந்த பெரியவர் யாராவது இருந்தால் இந்த ஞாயிற்றுக்கிழமையே போய் உட்காருங்கள். 1941 டிசம்பர் 23 அன்று ரங்கூனில் ஜப்பான் குண்டு போட்டதைப் பார்த்த குழந்தைகளுக்கே இன்று தொண்ணூறு வயதாகிறது. அவர்கள் இல்லையா, 1964-க்குப் பிறகு பர்மாவை விட்டுக் கப்பலில் வந்த பிள்ளைகளிடம் கேளுங்கள்.

"சுதந்திரப் போர் எப்படி நடந்தது?" என்று ஆரம்பிக்காதீர்கள். வியாசர்பாடியில் எங்கள் ஆயாவிடம் நான் அப்படித்தான் கேட்டேன், நேதாஜியைப் பார்த்தேன் என்று இரண்டு வரியோடு நிறுத்திவிட்டார். அப்புறம் ஒருநாள் பீச் ஸ்டேஷன் எதிரில் அத்தோ என்கிற பர்மா நூடுல்ஸ் வாங்கிவந்து கொடுத்துவிட்டு, சண்டைக் காலத்தில் சோற்றுக்கு என்ன செய்தீர்கள் என்று கேட்டேன். அன்றைக்குத்தான் எல்லாம் வந்தது: அப்பா நேதாஜியின் படையான ஐ.என்.ஏ.வில் சேர்ந்து இம்பால் பக்கம் போனது, அம்மா தோட்டைக் கழற்றி நேதாஜி நிதிக்குக் கொடுத்தது, வெள்ளைக்காரன் திரும்பி வந்ததும் பெட்டியில் இருந்த ஜப்பான் நோட்டெல்லாம் செல்லாமல் போய், ஒரு படி அரிசிக்காக அம்மா வீடு வீடாகப் பாத்திரம் தேய்த்தது.

வருஷம் கேட்டு நச்சரிக்க வேண்டாம். குண்டு விழுந்ததற்கு முன்பா பின்பா, ஜப்பான் நோட்டு ஓடியபோதா என்று கேட்டால் நீங்களே கணக்குப் போட்டுக்கொள்ளலாம். ரங்கூன் ஜப்பான் கைக்குப் போனது 1942 மார்ச், நேதாஜி தலைமையகத்தை அங்கே மாற்றியது 1944 ஜனவரி, பிரிட்டிஷ்காரர்கள் மறுபடி பிடித்தது 1945 மே.

காலையில் தண்ணீர் லாரி வருவதற்கு முன்பே உட்கார்ந்துவிடுங்கள். போனை ஏரோபிளேன் மோடில் போட்டு அவர்கள் மடிக்குப் பக்கத்தில் வையுங்கள், ஃபேனை நிறுத்துங்கள், அரை மணி நேரத்துக்கு மேல் போகாதீர்கள். அழுதால் பதிவை நிறுத்திவிட்டுக் கையைப் பிடித்துக்கொள்ளுங்கள், கதை அடுத்த வாரம் வரட்டும். சித்தப்பா வேறு மாதிரி சொன்னால் சண்டை போட்டுத் திருத்தாதீர்கள், இரண்டையும் வைத்துக்கொள்ளுங்கள். அன்றைக்கே இன்னொரு போனுக்கும் அனுப்பிவிடுங்கள்.

பெயர்களை மட்டும் முதல் நாளே கேட்டுவிடுங்கள், ஊர்ப் பெயர், தெருப் பெயர், செத்துப்போனவர்கள் பெயர் எல்லாம். ஆயாவின் சின்னம்மா 1942-இல் கைக்குழந்தையோடு பர்மாவின் மேற்குக் கரையான அரக்கான் வழியாக நடந்தே கிளம்பினார், ஊர் வந்து சேரவில்லை. சின்னம்மாவின் பெயர் என் பதிவில் இருக்கிறது. அந்தக் குழந்தையின் பெயரை நான் கேட்கவில்லை, இப்போது ஆயாவும் இல்லை.